வீட்டுக்கடன்: தவணையை விடுங்கள், பத்தாம் ஆண்டுப் பாக்கியைப் பாருங்கள்

வீட்டுக்கடன் வாங்கப்போகும் குடும்பத்தில் பேச்சு பெரும்பாலும் இரண்டு எண்களைச் சுற்றியே நடக்கும்: வட்டி எத்தனை சதவீதம், மாதத் தவணை எவ்வளவு. அந்த வங்கியில் 8.5, இந்த வங்கியில் 8.25 என்று நாலு கிளை ஏறி இறங்கி, கால் சதவீதம் குறைத்துவிட்ட திருப்தியில் கையெழுத்துப் போட்டுவிடுவார்கள். அதே விண்ணப்பத்தில் கடன் காலம் என்ற கட்டத்தில் 20 என்றோ 30 என்றோ எழுதியது யார், எதற்காக என்று கேட்டால் பதில் இருக்காது. பல நேரம் அதை நிரப்பியவர் கடன் முகவர்தான்.

கணக்குக்கு 50 லட்சம் ரூபாய்க் கடனை எடுத்துக்கொள்வோம். 20 ஆண்டு, 8.5 சதவீதம் என்றால் தவணை ரூ.43,391. வட்டி 8.25 ஆனால் ரூ.42,603. மாதம் 788 ரூபாய் மிச்சம். 20 ஆண்டுக்கு 1.89 லட்சம். நல்ல தொகைதான், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் வட்டி 8.5-லேயே இருக்கட்டும், காலத்தை மட்டும் 15 ஆண்டாக்குங்கள்: மிச்சம் 15.5 லட்சம். பேரம் பேசவேண்டிய இடமும் கவனம் போகும் இடமும் வேறுவேறாக இருக்கின்றன.

15, 20, 30: எந்தக் காலம்?

50 லட்சம், 8.5 சதவீதம், வட்டி மாறாது என்று வைத்துக்கொண்டால்:

| காலம் | மாதத் தவணை | மொத்த வட்டி | 10 ஆண்டில் கட்டியது | 10-ஆம் ஆண்டு முடிவில் பாக்கி |
|---|---|---|---|---|
| 15 ஆண்டு | ரூ.49,237 | 38.6 லட்சம் | 59.1 லட்சம் | 24.0 லட்சம் |
| 20 ஆண்டு | ரூ.43,391 | 54.1 லட்சம் | 52.1 லட்சம் | 35.0 லட்சம் |
| 30 ஆண்டு | ரூ.38,446 | 88.4 லட்சம் | 46.1 லட்சம் | 44.3 லட்சம் |

எல்லோரும் பார்த்து அதிர்ச்சியடைவது மூன்றாவது பத்தி. அதைவிடக் கடைசிப் பத்திதான் முக்கியம். மொத்த வட்டி என்பது கடைசித் தவணை வரை அப்படியே கட்டினால் மட்டும் உண்மையாகும் எண். நடுவில் வீட்டை விற்கலாம், சேமிப்பைப் போட்டு அடைக்கலாம், வேறு வங்கிக்கு மாற்றலாம். மேலும், இன்று கட்டும் 43,391 ரூபாயும் இருபதாவது ஆண்டில் கட்டும் 43,391 ரூபாயும் ஒன்றல்ல. ஆண்டுக்கு 6 சதவீத விலைவாசி ஏற்றத்தைக் கழித்தால் கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய பணத்தில் 13,500 ரூபாய்தான். அதனால் ‘88 லட்சம் வட்டியா!’ என்று மட்டும் பயப்படுவது பாதிக் கணக்கு. பத்து ஆண்டில் கையைவிட்டுப் போனது எவ்வளவு, இன்னும் தலைமேல் இருப்பது எவ்வளவு என்று கேட்டால் இரண்டு திட்டங்களை நேருக்கு நேர் நிறுத்திவிடலாம்.

அப்படி நிறுத்தினால் 20-க்கும் 30-க்கும் உள்ள வித்தியாசம் இது: 30 ஆண்டுக்காரர் பத்து ஆண்டில் 5.9 லட்சம் குறைவாகக் கட்டியிருக்கிறார், 9.3 லட்சம் கூடுதலாகக் கடன்பட்டிருக்கிறார். மாதம் 4,945 ரூபாய் நிம்மதிக்கு அவர் கொடுத்த விலை அது. பத்து ஆண்டு தவறாமல் கட்டியும் 50 லட்சத்தில் ஆறு லட்சம்கூட அசல் குறையவில்லை.

காரணம் எளிது. ஒவ்வொரு மாதமும் அன்றைய பாக்கிக்கு வட்டி கணக்கிட்டு எடுத்துக்கொண்ட பிறகு மிஞ்சுவதுதான் அசலில் கழியும். 50 லட்சத்துக்கு முதல் மாத வட்டி ரூ.35,417. 20 ஆண்டுக் கடனில் 43,391 கட்டினால் அசலுக்குப் போவது ரூ.7,974. 30 ஆண்டுக் கடனில் வெறும் ரூ.3,029. தவணையில் 11 சதவீதம் குறைந்தது, அசலுக்குப் போவதோ அறுபது சதவீதத்துக்கு மேல் குறைந்துவிட்டது.

இதை யாரையும் நம்பாமல் நீங்களே சரிபார்க்கலாம். எக்ஸெல்லில் நான்கு பத்தி போதும்: தொடக்கப் பாக்கி, அதை வட்டி விகிதத்தால் பெருக்கி 1200-ஆல் வகுத்த மாத வட்டி, தவணை, பாக்கியுடன் வட்டியைக் கூட்டித் தவணையைக் கழித்த இறுதிப் பாக்கி. 240 வரி கீழே இழுத்துவிட்டால் எந்த மாதத்தின் பாக்கியையும் பார்க்கலாம். நடுவில் ஒரு வரியில் வட்டியை மாற்றினால் பின்னால் என்ன நடக்கிறது என்றும் தெரியும். வங்கியின் இணையக் கால்குலேட்டர்கள் சில தவணையையும் மொத்த வட்டியையும் காட்டிவிட்டு நிறுத்திக்கொள்ளும்.

அப்படியானால் எல்லோரும் 15 ஆண்டு எடுக்கவேண்டுமா? வேண்டியதில்லை. ஃப்ளோட்டிங் வட்டியில், அதாவது அவ்வப்போது ஏறி இறங்கும் வட்டியில், தனிநபர் எடுத்த வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைத்தால் கட்டணம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே வங்கிகளுக்கு உத்தரவிட்டது. எனவே 20 ஆண்டுக் கடன் எடுத்து, மாதாமாதம் 49,237 கட்டினாலும் அது 15 ஆண்டில்தான் முடியும். வட்டியும் அதே 38.6 லட்சம்தான். வேலை போனால், உடம்புக்கு முடியாமல் போனால், அந்தச் சில மாதங்களுக்கு 43,391-க்கு இறங்கிக்கொள்ளும் உரிமை கூடுதலாகக் கிடைக்கிறது. கட்டாயம் குறைவு, கட்டுவது அதிகம் என்ற இந்த ஏற்பாடு, ஒழுங்காகக் கட்டும் பழக்கம் உள்ளவர்களுக்குத்தான் பொருந்தும். ‘மிச்சமானால் கட்டிக்கொள்ளலாம்’ என்று நினைப்பவர்கள் 15 ஆண்டுக்கே கையெழுத்துப் போடுவது நல்லது, ஏனென்றால் மிச்சமாகாது.

கூடுதலாகக் கட்டும்போது: தவணையா, காலமா?

போனஸ், நகை விற்ற பணம், ஊரில் நிலம் விற்ற பங்கு என்று 5 லட்சம் கைக்கு வருகிறது. அசலில் கட்டுகிறீர்கள். வங்கி இரண்டில் ஒன்றைச் செய்யும்: காலத்தை அப்படியே வைத்துத் தவணையைக் குறைக்கும், அல்லது தவணையை அப்படியே வைத்துக் காலத்தைக் குறைக்கும்.

மேலே சொன்ன 20 ஆண்டுக் கடனில், இரண்டாம் ஆண்டு முடிவில் இந்த 5 லட்சத்தைக் கட்டினால், தவணை குறைப்பில் மாதம் ரூ.4,527 குறையும், மீதி 18 ஆண்டில் மிச்சமாகும் வட்டி 4.8 லட்சம். காலக் குறைப்பில் 45 தவணைகள் கழிந்துபோகும். மிச்சமாகும் வட்டி 14.6 லட்சம். ஒரே பணம், ஒரே நாள், விண்ணப்பத்தில் ஒரு டிக் மட்டும் வேறு.

இதே 5 லட்சத்தைப் பன்னிரண்டாம் ஆண்டு முடிவில் கட்டி, காலத்தையே குறைத்தாலும் மிச்சம் 4.2 லட்சம்தான். பெரிய தொகை சேரட்டும் என்று காத்திருப்பதில் இழப்பு அதிகம். முதல் ஐந்து ஆண்டில் கட்டும் சின்னத் தொகைக்குத்தான் பலம்.

மொத்தப் பணம் வர வழியில்லாதவர்களுக்கு இரண்டு முறைகள். ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 9 மாதத்தில் முடியும், வட்டியில் சுமார் 10 லட்சம் மிச்சம். ஆண்டுதோறும் தவணையை 5 சதவீதம் ஏற்றினால், அதாவது முதல் ஆண்டு 43,391, அடுத்த ஆண்டு 45,561 என்று போனால், கடன் 12 ஆண்டு 3 மாதத்தில் முடிந்துவிடும்; மொத்த வட்டி 34.6 லட்சம். இது 15 ஆண்டுக் கடனைவிடவும் குறைவு. தொடக்கத்தில் பளு இல்லை, சம்பள உயர்வோடு சேர்ந்து போகிறது. சம்பளம் வாங்கும் முப்பது வயதுக்காரர்களுக்கு இதைவிட நல்ல வழி இல்லை என்பது என் கணிப்பு.

இதில் தவறு நடக்கும் இடங்கள் சில. செயலி வழியாகக் கூடுதலாகச் செலுத்திய பணம் அசலில் கழியாமல் அடுத்த மாதத் தவணைக்கான முன்பணமாக வரவு வைக்கப்படலாம். கட்டிய மறுவாரமே கணக்கு விவரத்தை இறக்கி, பாக்கி அந்த அளவு குறைந்திருக்கிறதா என்று பாருங்கள். காலத்தைக் குறையுங்கள் என்று எழுத்தில் கேளுங்கள், திருத்திய தவணை அட்டவணையை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். கையிருப்பு முழுவதையும் கடனில் கொட்டிவிட்டு, ஆறு மாதத்தில் மருத்துவச் செலவுக்குத் தனிநபர் கடன் எடுத்தால் எல்லாம் வீண். ஆறு தவணைக்கான பணம் எப்போதும் தனியாக இருக்கட்டும்.

கடனை அடைப்பதா, முதலீடு செய்வதா என்ற கேள்விக்கு ஒரு வரிப் பதில் உண்டு. 8.5 சதவீதக் கடனை அடைப்பது, 8.5 சதவீதம் வரியில்லாமல், உறுதியாகக் கிடைக்கும் வருமானத்துக்குச் சமம். 30 சதவீத வரி வரம்பில் இருப்பவருக்கு 7 சதவீத வைப்புநிதி கையில் தருவது 4.9 சதவீதம்கூட இல்லை. எனவே வைப்புநிதியை வைத்துக்கொண்டு வீட்டுக்கடன் கட்டுவதில் அவசர நிதிக்கு மேல் அர்த்தமில்லை. பங்குச்சந்தை சார்ந்த ஃபண்டுகள் வேறு. நீண்ட காலத்தில் அவை 8.5-ஐத் தாண்டலாம், தாண்டாமலும் போகலாம்.

எந்த வட்டியோடு கட்டிப்போடப்பட்டிருக்கிறீர்கள்?

விகிதத்தைவிட அது எதைப் பார்த்து ஏறும், இறங்கும் என்பது முக்கியம். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் ஃப்ளோட்டிங் வட்டி வீட்டுக்கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்கப்பட வேண்டும். பெரும்பாலான வங்கிகள் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதத்தை, அதாவது வங்கிகளுக்கு அது குறுகிய காலக் கடன் கொடுக்கும் வட்டியை, எடுத்துக்கொண்டன. மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டி மாற்றியமைக்கப்பட வேண்டும். அதற்கு முந்தைய எம்சிஎல்ஆர் கடன்களில் (வங்கி தன் நிதிச் செலவை வைத்துத் தானே நிர்ணயிக்கும் விகிதம் இது) பலவற்றுக்கு ஆண்டுக்கு ஒருமுறைதான் மாற்றம். வங்கி தன் எம்சிஎல்ஆரைக் குறைத்தால்தான் பயனும் வரும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்த வெளி அளவுகோல் கட்டாயம் இல்லை. அவை தங்கள் சொந்த முதன்மைக் கடன் விகிதத்தைப் பார்த்து வட்டியை நிர்ணயிக்கின்றன. அந்த விகிதம் ஏறும் வேகத்தில் இறங்குவதில்லை என்பதுதான் கடன்தாரர்களின் நீண்டநாள் புகார். வருமானச் சான்று முழுமையாக இல்லாதவர்களுக்கும், சொந்தத் தொழில் செய்பவர்களுக்கும் அங்கே கடன் எளிதாகக் கிடைக்கிறது என்பதையும் சொல்லவேண்டும். அந்த எளிமைக்கு ஒரு விலை இருக்கிறது.

ரெப்போ கடன் இருபக்கமும் வேகமாக வெட்டும். 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4 சதவீதத்திலிருந்து 6.5-க்கு ஏறியது. 2021-இல் 6.75 சதவீதத்துக்கு 50 லட்சம், 20 ஆண்டுக்கு எடுத்தவரின் தவணை ரூ.38,018. ஓராண்டு கழித்துப் பாக்கி 48.8 லட்சம். அந்த இரண்டரை சதவீதம் முழுதும் ஏறி 9.25 ஆனதும், மாத வட்டி மட்டுமே ரூ.37,598. தவணையை மாற்றாமல் விட்டால் அசலுக்குப் போவது மாதம் 420 ரூபாய்! அந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் சுமார் 49 ஆண்டு ஆகும். ஏற்றம் பத்து மாதத்தில் படிப்படியாக வந்ததால் நடைமுறையில் கணக்கு கொஞ்சம் மாறும், நிலைமை மாறாது. தவணை மாறவில்லையே என்று நிம்மதியாக இருந்த பலரின் கடன் காலம் பணி ஓய்வைத் தாண்டி நீண்டது இப்படித்தான்.

இதைப் பார்த்த பிறகுதான் 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. அதன்படி வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன்தாரருக்குக் கொடுக்கவேண்டும். நிலையான வட்டிக்கு மாறும் வழியும் (2025 அக்டோபர் முதல் இது வங்கியின் விருப்பத்துக்கு விடப்பட்டது), முன்கூட்டிக் கட்டும் வழியும் இருக்கவேண்டும். கட்டிய அசல், வட்டி, தவணைத் தொகை, மீதித் தவணைகள், ஆண்டு வட்டி ஆகியவற்றைக் காலாண்டுக்கு ஒருமுறை தெரிவிக்கவேண்டும். அந்தக் காலாண்டு அறிக்கையில் ‘மீதித் தவணைகள்’ என்ற எண்ணை மட்டுமாவது பாருங்கள். மூன்று மாதத்தில் மூன்று குறைந்திருக்கவேண்டும். கூடியிருந்தால் அன்றே தவணையை ஏற்றச் சொல்லிக் கடிதம் கொடுங்கள்.

வட்டி குறையும்போது நிலைமை நேர்மாறு. 2025 பிப்ரவரி முதல் ஜூனுக்குள் ரெப்போ ஒரு சதவீதம் இறங்கியது. பழைய தவணையையே தொடர்ந்தவர்களுக்குக் காலம் குறைந்தது. தவணையைக் குறைக்கச் சொல்லி ஓடுவதற்கு முன் யோசியுங்கள். பழகிப்போன தவணையைத் தொடர்வதுதான் வலியில்லாத முன்கூட்டிக் கட்டல்.

இன்னொன்று, ரெப்போவுக்கு மேல் வங்கி சேர்க்கும் கூடுதல், அதாவது ஸ்ப்ரெட். ரெப்போ எல்லோருக்கும் ஒன்று. ஸ்ப்ரெட்தான் உங்களுக்கு உரியது. சிபில் மதிப்பெண் (இதுவரை கடன்களை ஒழுங்காகக் கட்டினீர்களா என்பதற்கான மதிப்பெண்), சம்பளமா தொழிலா, கடன் தொகை எவ்வளவு என்பதைப் பொறுத்து அது ஒப்பந்தத்தில் பதிவாகிவிடும். பிறகு புது வாடிக்கையாளருக்குக் குறைந்த ஸ்ப்ரெட் கொடுப்பார்கள், பழையவருக்குத் தானாகக் கிடைக்காது. இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை உங்கள் வங்கியின் புதுக்கடன் வட்டியை இணையத்தில் பார்த்து, வித்தியாசம் 0.3 சதவீதத்துக்கு மேல் இருந்தால் மாற்றித் தரச் சொல்லுங்கள். ஒரு சிறு கட்டணத்தில் முடிந்துவிடும்.

ஃபிக்ஸட் வட்டி பற்றி நீட்ட ஒன்றுமில்லை. இந்தியாவில் ஃபிக்ஸட் என்று விற்கப்படுவது பெரும்பாலும் முதல் இரண்டு, மூன்று அல்லது ஐந்து ஆண்டுக்குத்தான்; பிறகு ஃப்ளோட்டிங்காகிவிடும். முழுக் காலத்துக்கும் உறுதியான வட்டி அரிது, கிடைத்தாலும் விலை அதிகம். மறுநிர்ணய ஷரத்து எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று கேளுங்கள். ஃபிக்ஸட் காலத்தில் முன்கூட்டி அடைத்தால் கட்டணம் இருக்கலாம், அதையும் கேளுங்கள்.

ஓவர்டிராஃப்ட் வகைக் கடன்

எஸ்பிஐயின் மேக்ஸ்கெயின் போன்றவை. கடன் கணக்கிலேயே உபரிப் பணத்தைப் போட்டு வைக்கலாம், தேவைப்படும்போது எடுக்கலாம். போட்டிருக்கும் நாட்களுக்கு அந்தத் தொகைக்கு வட்டி ஓடாது. சாதாரணக் கடனைவிட வட்டி சற்றுக் கூடுதலாக இருப்பது வழக்கம். கூடுதல் கால் சதவீதம் என்று வைத்தால், 50 லட்சத்துக்கு முதல் ஆண்டில் 12,500 ரூபாய். 2.5 சதவீதம் தரும் சேமிப்புக் கணக்கில் கிடந்த பணத்தை இங்கே போட்டால் 8.75-க்கும் 2.5-க்கும் உள்ள வித்தியாசம், 6.25 சதவீதம் லாபம். ஆக, ஆண்டு முழுவதும் சராசரியாக 2 லட்சத்துக்கு மேல் போட்டு வைக்க முடிந்தால்தான் இந்த வகை கட்டுப்படியாகும். வியாபாரிகள், ஆண்டில் சில மாதம் மட்டும் பெரும் தொகை புரளும் தொழில் செய்பவர்கள், கையில் எப்போதும் நான்கைந்து லட்சம் வைத்திருப்பவர்களுக்கு இது கச்சிதம். மாதச் சம்பளம் 25-ஆம் தேதிக்குள் தீர்ந்துவிடும் வீட்டுக்கு வீண் செலவு. இன்னொரு ஆபத்தும் உண்டு: எடுக்க முடியும் என்பதாலேயே எடுத்துவிடுவோம். கார் வாங்குவதற்கு அந்தப் பணம் போனதும் கடன் பழைய இடத்துக்கே திரும்பிவிடும்.

வரிச் சலுகை: இருக்கிறதா, இல்லையா?

‘வட்டி போனால் என்ன, வரியில் வந்துவிடும்’ என்ற பேச்சு இன்னும் ஓய்ந்தபாடில்லை. பழைய வரி முறையில், சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம், அசலுக்கு 80சி வரம்பில் மற்றவற்றோடு சேர்த்து 1.5 லட்சம் கழிவு. புதிய முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு இரண்டுமே கிடையாது. வாடகைக்கு விட்ட வீட்டின் வட்டியை வாடகை வருமானத்தில் கழிக்கலாம், ஆனால் நஷ்டத்தைச் சம்பளத்தோடு சரிக்கட்ட முடியாது.

2025-26 நிதியாண்டில் 15 லட்சம் சம்பளம் வாங்குபவரைப் பாருங்கள். பழைய முறையில் நிலைக்கழிவு 50,000, வட்டி 2 லட்சம், 80சி 1.5 லட்சம் எல்லாம் முழுதாகக் கழித்தும் 11 லட்சத்துக்கு வரி செஸ்ஸோடு ரூ.1,48,200. புதிய முறையில் 75,000 மட்டும் கழித்து 14.25 லட்சத்துக்கு வரி ரூ.97,500. வீட்டுக்கடன் சலுகையை முழுவதும் பயன்படுத்தியும் பழைய முறையில் 50,700 ரூபாய் நஷ்டம். இவரைப் பொறுத்தவரை வீட்டுக்கடனின் வரிச் சலுகை மதிப்பு பூஜ்யம். கணவனும் மனைவியும் கூட்டு உரிமையாளர்களாக இருந்து, இருவரும் கடன்தாரர்களாகவும் இருந்து, இருவருக்கும் வேறு பெரிய கழிவுகளும் இருந்தால் பழைய முறை சில வீடுகளில் இன்னும் வெல்லலாம். கணக்குப் போட்டுப் பாருங்கள்.

பழைய முறையிலேயே இருந்தாலும் 2 லட்சம் என்பது உச்சவரம்பு. 50 லட்சக் கடனின் முதல் ஆண்டு வட்டி 4.21 லட்சம், வரம்புக்கு மேலான 2.21 லட்சத்துக்கு ஒரு பைசா சலுகை இல்லை. வரிக்காகக் கடனை அடைக்காமல் வைத்திருப்பது நூறு ரூபாய் வட்டி கொடுத்து, பெரும்பாலோருக்கு அதிகபட்சம் 31 ரூபாய் வாங்கும் வியாபாரம்.

கடன் தொகைக்கு வெளியே

வீட்டு விலையில் வங்கி எத்தனை பங்கு தரலாம் என்பதற்கு வரம்பு உண்டு: கடன் 30 லட்சம் வரை 90 சதவீதம், 30 முதல் 75 லட்சம் வரை 80, அதற்கு மேல் 75. பத்து லட்சத்துக்கு மேற்பட்ட வீடுகளுக்கு முத்திரைத் தீர்வை, பதிவுக் கட்டணத்தை விலையோடு சேர்த்துக் கணக்கிட முடியாது. தமிழ்நாட்டில் மனைக்கும் தனி வீட்டுக்கும் அது 7-ம் 2-ம் சேர்த்து 9 சதவீதம். 62.5 லட்சம் வீட்டுக்கு 50 லட்சம் கடன் என்றால், 12.5 லட்சம் முன்பணத்தோடு இன்னும் 5.6 லட்சம் கையில் வேண்டும். இதை எதிர்பார்க்காதவர்கள்தான் கடைசி நேரத்தில் 12, 14 சதவீதத்துக்குத் தனிநபர் கடன் எடுக்கிறார்கள். அதன் தவணையையும் சேர்த்துப் பார்த்தால் முதல் ஐந்து ஆண்டில் எந்தக் கூடுதல் கட்டலுக்கும் இடமிருக்காது.

இதற்குமேல் ப்ராசஸிங் கட்டணம், அதற்கு 18 சதவீத ஜிஎஸ்டி, வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம். பத்திரத்தை அடமானம் வைத்ததைப் பதியும் எம்ஓடிக்குக் கடன் தொகையில் அரை சதவீத முத்திரைத் தீர்வை. 50 லட்சத்துக்கு 25,000. பதிவுக் கட்டணம் தனி. 2024 அக்டோபர் முதல் புதிய கடன்களுக்கு கீ ஃபேக்ட்ஸ் ஸ்டேட்மென்ட் என்ற குறிப்பைக் கொடுக்கவேண்டும். இந்தக் கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு விகிதம், ஏபிஆர், அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பர வட்டியை விட்டுவிட்டு ஏபிஆரை வைத்துக்கொள்ளுங்கள். அந்தக் குறிப்பில் இல்லாத கட்டணத்தை உங்கள் சம்மதமில்லாமல் பின்னால் வசூலிக்க முடியாது.

காப்பீடு தனியாகச் சொல்லவேண்டியது. கடனோடு சேர்த்து ஒற்றைப் பிரீமியம் பாலிசி ஒன்றை நீட்டுவார்கள், பிரீமியம் 1.5 லட்சம், ‘கடனிலேயே சேர்த்துவிடலாம் சார், தவணை ஆயிரத்துச் சொச்சம்தான் கூடும்’ என்பார்கள். 8.5 சதவீதத்தில் 20 ஆண்டு கட்டினால் அந்த 1.5 லட்சம் 3.12 லட்சமாகிறது. கடன் குறையக் குறையக் காப்பீடும் குறையும் வகையே இதில் அதிகம். கடன் தொகைக்குக் குறையாத டெர்ம் பாலிசியை, அதாவது குறித்த காலத்துக்குள் இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் காப்பீட்டை, தனியாக எடுங்கள். கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடே வரும். கடன் பெற அந்தப் பாலிசி கட்டாயம் என்று யாராவது சொன்னால், எழுத்தில் தரச் சொல்லுங்கள். பெரும்பாலும் பேச்சு அங்கேயே நின்றுவிடும்.

கட்டுமானத்தில் இருக்கும் ஃபிளாட்டுக்கு ப்ரீ-இஎம்ஐ என்றொரு தேர்வு வரும்: விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டுவது. மூன்று ஆண்டு கட்டுமானத்தில் சராசரியாக 25 லட்சம் விடுவிக்கப்பட்டிருந்தால் 6.4 லட்சம் கட்டியிருப்பீர்கள், அசல் ஒரு ரூபாய்கூடக் குறைந்திருக்காது. 20 ஆண்டுக் கணக்கு அதன் பிறகுதான் தொடங்கும். வாடகையும் கொடுத்துக்கொண்டு முழுத் தவணை கட்ட முடியாதவர்களுக்கு வேறு வழியில்லை. முடிந்தவர்கள் முதல் நாளிலிருந்தே முழுத் தவணையைக் கேட்டு வாங்குங்கள். கட்டடம் தாமதமாகும் ஒவ்வொரு மாதமும் ப்ரீ-இஎம்ஐக்காரருக்குத்தான் நஷ்டம்.

வேறு வங்கிக்கு மாற்றுவது

பாக்கி 40 லட்சம், மீதி 15 ஆண்டு, வட்டி 9 சதவீதம், தவணை ரூ.40,571. இன்னொரு வங்கி 8.5-க்கு அழைக்கிறது. அதே 15 ஆண்டுக்கு மாற்றினால் தவணை ரூ.39,390, மொத்த மிச்சம் 2.1 லட்சம். புதிய எம்ஓடிக்கான முத்திரைத் தீர்வை 20,000, ப்ராசஸிங், வக்கீல், மதிப்பீடு, பழைய எம்ஓடி ரத்து எல்லாம் கழித்தாலும் லாபம்தான். ஆனால் புது வங்கிக்காரர் ‘தவணை 34,713 ஆகிவிடும்’ என்று சொன்னால் காலத்தை மறுபடி 20 ஆண்டாக்கிவிட்டார் என்று அர்த்தம். மாதம் 5,858 குறைகிறது. கட்டி முடிக்கும்போது 10.3 லட்சம் கூடுதல். கூடவே அதே வீட்டின் மேல் தரும் கூடுதல் கடன், அதாவது டாப்-அப் கடன், ஒன்றையும் சேர்த்துவிட்டால் இந்தக் கணக்கு யார் கண்ணிலும் படாது. மாற்றும்போது மீதிக் காலம் ஒரு மாதம்கூடக் கூடக்கூடாது என்பதை நிபந்தனையாக வையுங்கள். பாக்கிக் காலம் ஐந்து ஆண்டுக்குக் குறைவு என்றால் மாற்றும் செலவுக்கே கட்டாது. எப்படியானாலும் முதலில் உங்கள் வங்கியிடம் வட்டிக் குறைப்பைக் கேளுங்கள்; இன்னொரு வங்கியின் அனுமதிக் கடிதம் கையில் இருந்தால் பேச்சு எளிது.

கடன் முடிந்த பிறகு

கடைசித் தவணை கட்டினால் வேலை முடிந்துவிடாது. முழுதும் அடைத்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித் தரவேண்டும். தன் தவறால் தாமதித்தால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தரவேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் உள்ள விதி. கடன் எடுத்தபோது வாங்கிய ஆவணப் பட்டியலோடு ஒவ்வொன்றாகச் சரிபார்த்து வாங்குங்கள். நிலுவையில்லாச் சான்றோடு நின்றுவிடாமல், சார்பதிவாளர் அலுவலகத்தில் எம்ஓடியை ரத்து செய்யும் ரசீது ஆவணத்தை வங்கி அதிகாரியை வைத்துப் பதியுங்கள். அதைச் செய்யாதவர்களின் வில்லங்கச் சான்றில் அடமானம் அப்படியே நிற்கும். பத்து ஆண்டு கழித்து விற்கப்போகும்போது அந்தக் கிளையே வேறு கிளையோடு இணைந்திருக்கலாம். பதிந்த சில நாளில் வில்லங்கச் சான்றை இணையத்தில் எடுத்து ரசீது ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். இரண்டு மாதம் கழித்து, சிபில் அறிக்கையில் கடன் மூடப்பட்டதாகக் காட்டுகிறதா என்றும் பாருங்கள்.